சிரிப்பின் அடியில் ஒரு வழக்கு: முதியோர் தனிமையும் ‘ஆர்செனிக் அண்ட் ஓல்ட் லேஸ்’ திரைப்படமும்

முதுமையின் தனிமையை அவல நகைச்சுவையாக்கும் படைப்புகளைக் காணும்போது, நாம் யாரை நோக்கிச் சிரிக்கின்றோம் என்னும் வினா எழுகின்றது. பிராங்க் காப்ரா இயக்கத்தில் 1944ஆம் ஆண்டு வெளிவந்த ‘ஆர்செனிக் அண்ட் ஓல்ட் லேஸ்’ என்னும் அமெரிக்கத் திரைப்படத்தையும், அதற்குத் தூண்டுதலாக அமைந்ததாகக் கருதப்படும் கொலை வழக்கையும் ஒருங்குவைத்து அவ்வினாவை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

இப்படத்திற்கு மூலம் ஜோசப் கெஸ்ஸல்ரிங் எழுதிய நாடகமாகும். 1941 ஜனவரி 10ஆம் நாள் நியூயார்க் பிராட்வேயில் அரங்கேறிய அந்நாடகம் 1,444 முறை நடிக்கப்பெற்றது. படப்பிடிப்பு 1941இலேயே நிறைவுற்றபோதிலும், நாடகம் மேடையில் நடைபெறும்வரை படத்தைத் திரையரங்குகளில் வெளியிடலாகாது என்னும் ஒப்பந்தத்தால் வெளியீடு தள்ளிப்போயிற்று.

கதை நிகழுமிடம் புரூக்ளின். அபி, மார்த்தா என்னும் முதிய சகோதரியர் இருவர், தம் வீட்டில் அறை வாடகைக்குக் கிடைக்கும் என அறிவிக்கின்றனர். உற்றார் உறவினர் அற்ற முதியவர் எவரேனும் வரின், நஞ்சு கலந்த பழமதுவை அன்போடு அளிக்கின்றனர். இறந்தவரை அவரவர் சமய முறைப்படி நிலவறையில் அடக்கம் செய்கின்றனர். இவ்வாறு மாண்டோர் பன்னிருவர். முன்னொரு நாள் தம் வீட்டிற்கு வந்த முதியவர் ஒருவர் இயற்கையாக இறந்தபோது, அவர் முகத்தில் கண்ட அமைதியே இத்தொண்டிற்குத் தூண்டுதல் என்பது அவர்கள் தரும் விளக்கம். பேதைமையை நகையின் நிலைக்களன்களுள் ஒன்றாகத் தொல்காப்பிய மெய்ப்பாட்டியல் குறிப்பிடும். தாம் செய்வது கொலை என அறியாத இச்சகோதரியரின் பேதைமையே இங்கு நகையைத் தோற்றுவிக்கின்றது.

வழக்கின் வரலாறோ வேறு. கனெக்டிகட் மாநிலத்தின் வின்ட்சர் நகரில் ஏமி ஆர்ச்சர்-கில்லிகன் என்பவர் 1907 முதல் முதியோர் இல்லம் ஒன்றை நடத்தி வந்தார். ஆயிரம் டாலரை ஒரே தவணையில் செலுத்துவோர்க்கு ஆயுள் முழுவதும் பராமரிப்பு அளிப்பது அவ்வில்லத்தின் ஒப்பந்த முறைகளுள் ஒன்று. இம்முறையில் முதியவர் நெடுநாள் வாழ்ந்தால் இல்லத்திற்குச் செலவு. விரைவில் இறந்தால் இடம் காலியாகும், புதிய தொகையும் வரும். 1914இல் பிராங்ளின் ஆண்ட்ரூஸ் என்பவர் அங்குத் திடீரென இறந்தார். அவர்தம் சகோதரி, இல்லத் தலைவி அவரிடம் பணம் கேட்டு வந்ததைக் கடிதங்கள்வழி அறிந்து ஐயுற்றார். அரசு வழக்கறிஞரிடம் முறையிட்டும் போதிய பயன் விளையாமையால் ‘ஹார்ட்ஃபோர்ட் கூரன்ட்’ நாளேட்டை நாடினார். பின்னர்த் தோண்டியெடுக்கப்பட்ட சடலத்தில் ஆர்செனிக் நஞ்சு இருந்தமை தெரியவந்தது. 1916இல் கைதான ஏமிக்கு 1917இல் மரண தண்டனை விதிக்கப்பட்டது. அத்தீர்ப்பு நீக்கப்பட்டபின், 1919இல் ஆயுள் தண்டனையாயிற்று. மனநல மருத்துவமனைக்கு மாற்றப்பட்ட அவர் 1962இல் காலமானார்.

வழக்கில் கொலைக்குக் காரணம் பொருளாசை. நாடகத்தில் அது இரக்கமாக மாறுகின்றது. இம்மாற்றம் இன்றி நகைச்சுவை பிறந்திராது. எனினும், அம்மாற்றத்திற்குள் ஒரு கருத்து மறைந்துள்ளது. தனித்து வாழும் முதியவரின் வாழ்வு இரங்கத்தக்கது. ஆதலின் முடிவே அவர்க்கு நலம் என்பதே அது. சகோதரியரின் செயலைக் கண்டு அதிர்ந்த பார்வையாளர், அவர்தம் கருத்தை வினவாமலே கடந்து சிரித்திருக்கக் கூடும். அமெரிக்கச் சமூகப் பாதுகாப்புச் சட்டம் 1935இல் இயற்றப்பட்டு, அதன்வழி மாத ஓய்வூதியம் 1940 ஜனவரியில்தான் வழங்கத் தொடங்கியது. பண்ணைத் தொழிலாளரும் வீட்டுப் பணியாளரும் அப்போது அதில் இடம்பெறவில்லை. முதுமையில் யாரைச் சார்ந்து வாழ்வது என்பது அந்நாளைய பார்வையாளர் பலர்க்குத் தம் வீட்டுக் கவலையாகவே இருந்தது.

நாடகத்தின் இறுதியில், மனநலக் காப்பகத்தின் முதிய கண்காணிப்பாளர் தமக்குக் குடும்பம் இல்லை எனக் கூறியதும், சகோதரியர் அவரிடம் பழமதுவை நீட்டுகின்றனர். படத்தில் இம்முடிவு கைவிடப்பட்டது. ஆயின், குடும்பம் இல்லை என்னும் அச்சொல்லே கதையின் திறவுகோல் எனலாம். நிலவறையில் கிடக்கும் பன்னிருவரையும் தேடி எவரும் அவ்வீட்டுக் கதவைத் தட்டவில்லை. வின்ட்சரில் உண்மை வெளிப்பட்டமைக்குக் காரணம், இறந்த ஒருவரைப் பற்றிக் கேட்பதற்கு ஒரு சகோதரி இருந்தமையே. அவரும் இல்லாதிருந்தால் பிராங்ளின் ஆண்ட்ரூஸின் மரணமும் முதுமையின் இயல்பான முடிவாகவே பதிவாகியிருக்கும்.