வெண்டல் ஸ்காட்டுக்கு வராத கோப்பை

கார் பந்தயத்தில் எனக்குப் பெரிய ஈடுபாடு கிடையாது. ஆனால் இது கணக்கு சம்பந்தப்பட்ட கதை. வங்கிக்காரன் சும்மா இருக்க முடியுமா?

வெண்டல் ஸ்காட் 1921-ல் அமெரிக்காவின் வர்ஜீனியா மாநிலத்தில் பிறந்த கறுப்பினத்தவர். டாக்ஸி ஓட்டினார், உலகப்போரில் ராணுவ மெக்கானிக்காக இருந்தார், கள்ளச்சாராயமும் கடத்தினார். பிறகு ஸ்டாக் கார் பந்தயத்துக்கு வந்தார். சாலையில் ஓடும் மாடல் காரையே பலப்படுத்தி ஓட்டும் பந்தயம் அது. பழைய கார்தான், ரிப்பேரும் அவரே, உதவிக்குப் பிள்ளைகள்.

1963 டிசம்பர் 1, ஃப்ளோரிடாவின் ஜாக்சன்வில். ஸ்காட் இரண்டு சுற்று முன்னால் இருந்தார். கோப்பையோ பக் பேக்கர் என்ற வெள்ளைக்காரருக்குப் போனது. கூட்டம் கலைந்த பிறகு, சுற்றுகளை எண்ணியதில் தவறு என்று ஸ்காட்டை வெற்றியாளராக அறிவித்தார்கள். பரிசு வழங்கும் வெள்ளைக்கார அழகியின் பக்கத்தில் தன்னை நிறுத்த விரும்பாமல்தான் அப்படிச் செய்தார்கள் என்று அவர் நம்பினார்.

பணம் வந்தது, கோப்பை வரவில்லை. வேறு கணக்கில் விழுந்த தொகையை நாங்கள் ஒரே பதிவில் திருப்பிவிடுவோம். அன்றைய கைதட்டலை எந்தப் பதிவில் திருப்புவது?

495 பந்தயங்களில் அந்த ஒன்றுதான் அவர் ஜெயித்தது. 1990-ல் காலமானார். நாஸ்கார் அமைப்பு அவர் குடும்பத்திடம் கோப்பை கொடுத்தது 2021 ஆகஸ்டில். அந்த அக்டோபரில்தான் பப்பா வாலஸ் ஜெயித்தார். அந்தப் பந்தயத் தொடரில் ஸ்காட்டுக்கு அடுத்து ஜெயித்த கறுப்பினத்தவர் அவரே.