வழக்கு முடியும்வரை சோறு யார் போடுவது?

மாட்டுப் பொங்கலன்று திருவூடல் வீதியில் நடக்கும் ஊடலைப் பார்க்காதவர் நம் பக்கத்தில் குறைவு. அம்மன் கோபித்துக்கொண்டு கோயிலுக்குள் போய்விடுவாள். அண்ணாமலையார் அன்றிரவு குமரக்கோயிலில் தங்கி, மறுநாள் நம் அடி அண்ணாமலை வழியாகக் கிரிவலம் வந்து, மறுவூடலில் சமாதானமாகிச் சேர்வார். ஒரு ராத்திரிப் பிரிவுதான். அந்த ராத்திரியும் வீடு அம்மன் வசம்தான்.

மனிதர் வீட்டு ஊடல் முற்றினால் பெரும்பாலும் வெளியே வருகிறவள் பெண், அதுவும் இடுப்பில் பிள்ளையோடு. அவளுக்காகச் சட்டம் செய்தது என்ன, செய்யாமல் விட்டது என்ன என்று கொஞ்சம் பார்ப்போம்.

மனைவிக்கும் பிள்ளைக்கும் ஜீவனாம்சம் தரச் சொல்லும் அதிகாரம் வெள்ளைக்காரன் காலத்திலேயே மாஜிஸ்திரேட்டுக்கு இருந்தது. 1872-ம் வருடத்துக் கிரிமினல் நடைமுறைச் சட்டத்தை வரைந்த ஸ்டீபன், இது மக்கள் கதியற்று அலைவதைத் தடுக்கும் வழி என்று சொன்னார். பெண்ணின் மேல் இரக்கத்தைவிட ஊர் அமைதியின் மேல் அக்கறை. 1898-ம் வருடச் சட்டத்தில் இது 488-வது பிரிவு. மாதம் 50 ரூபாய்க்கு மேல் கிடையாது. 1923-ல் 100 ஆயிற்று, 1955-ல் 500. 1973-ல் புதுச் சட்டம் வந்து 125-வது பிரிவு ஆனபோதும் அதே 500-தான்.

உச்சவரம்பைவிடப் பெரிய ஓட்டை ஒன்று இருந்தது. மனு போட்ட நாளுக்கும் தீர்ப்பு வரும் நாளுக்கும் நடுவில் அவள் என்ன சாப்பிடுவாள் என்று இந்தச் சட்டம் ஒரு வார்த்தை சொல்லவில்லை. கணவன் சம்மன் வாங்காமல் தட்டிக்கழிப்பான், பிறகு வாய்தா மேல் வாய்தா. 1955-ம் வருடத்து இந்துத் திருமணச் சட்டம் 24-வது பிரிவில் இடைக்கால ஜீவனாம்சம் தந்தது உண்மைதான். ஆனால் விவாகரத்து போன்ற திருமண வழக்கு ஒன்று நடந்துகொண்டிருந்தால்தான் அது கிடைக்கும். சோற்றுக்கு மட்டும் மாஜிஸ்திரேட்டிடம் போன ஏழைப் பெண்ணுக்கு அது உதவாது.

1985 என்றால் எல்லோருக்கும் ஷா பானு வழக்குதான் நினைவுக்கு வரும். 1978-ல் மனு போட்டார். மாஜிஸ்திரேட் கொடுத்தது மாதம் 25 ரூபாய். ஹைகோர்ட் அதை 179 ரூபாய் 20 காசாக உயர்த்தியது. உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்தது 1985 ஏப்ரலில். ஏழு வருஷம்! நாடே அதைப் பற்றிப் பேசியது.

அதே வருடம் அக்டோபரில் வந்த இன்னொரு தீர்ப்பை யாரும் பேசவில்லை. சாவித்திரி வழக்கு என்று அதற்குப் பெயர். இடைக்காலத் தொகை தரச் சட்டத்தில் வழியில்லை என்று கீழ்க்கோர்ட் கைவிரித்துவிட்டது. நீதிபதி வெங்கடராமய்யா எழுதிய உச்ச நீதிமன்றத் தீர்ப்போ, பட்டினியைத் தடுக்கவே வந்த சட்டம் வழக்கு முடியும்வரை பட்டினி கிடக்கச் சொல்லாது, எழுத்தில் இல்லாவிட்டாலும் மாஜிஸ்திரேட்டுக்கு அந்த அதிகாரம் உண்டு என்றது. பாராளுமன்றம் அதைச் சட்டத்தில் எழுத இன்னும் 16 வருஷம் ஆயிற்று. 2001 செப்டம்பரில் வந்த திருத்தம் 500 ரூபாய் வரம்பையும் எடுத்துவிட்டது. நோட்டீஸ் சேர்ந்த 60 நாளுக்குள் இடைக்கால மனுவை முடிந்தவரை முடிக்க வேண்டும் என்றும் சொன்னது.

சொன்னபடி நடந்ததா? நாக்பூரில் ஒரு தாய் 2013-ல் கைக்குழந்தையோடு இடைக்கால மனு போட்டார். குடும்ப நீதிமன்ற உத்தரவு வந்தது 2015-ல். தாய்க்கு மாதம் 15,000, பிள்ளைக்கு முதலில் 5,000, பிறகு 10,000. கணவர் மேலே மேலே போக, உச்ச நீதிமன்றம் முடித்துவைத்தது 2020 நவம்பரில். அதற்குள் கைக்குழந்தை பள்ளிக்கூடம் போகிற பையனாகிவிட்டான். அந்தத் தீர்ப்பில்தான், மனு போட்ட தேதியிலிருந்தே பணம் தர வேண்டும், இரு தரப்பும் வருமானம், சொத்து, கடன் எல்லாவற்றையும் பிரமாணப் பத்திரத்தில் காட்ட வேண்டும் என்று நாட்டுக்கே விதி வகுத்தார்கள்.

2024 ஜூலை 1 முதல் இது புதிய சட்டத்தில் 144-வது பிரிவு. தாய் வீட்டுக்குத் திரும்பிய பெண், கணவன் எந்த ஊரில் இருந்தாலும், தான் வசிக்கும் இடத்து நீதிமன்றத்திலேயே மனு போடலாம். பெண்களுக்கு வருமானம் பார்க்காமல் இலவச வக்கீல் தர 1987-ம் வருடத்துச் சட்டம் இருக்கிறது. மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் கேட்க வேண்டும். மனைவி தகுந்த காரணமின்றிப் பிரிந்திருந்தால் அவள் பங்கை மறுக்கச் சட்டத்தில் இடமுண்டு. ஆனால் அந்தச் சண்டையைக் காட்டிப் பிள்ளையின் பங்கை மறுக்க முடியாது.

நான் படித்த பிரெஞ்சில் ஜீவனாம்சத்தை 'பான்சியோன் அலிமாந்தேர்' என்பார்கள். உணவுக்கான தொகை என்று பொருள். வைத்த பெயர் சரியானதுதான். 'இடைக்காலம்' என்பது கோர்ட் கட்டில் ஒரு சின்னச் சொல். மனு போடும்போது மடியில் இருக்கும் பிள்ளைக்கு அதுதான் முழுக் குழந்தைப் பருவம். உங்கள் தெருவில் இப்படி ஒரு பெண் திரும்பி வந்திருந்தால், 'பொறுத்துப் போ' என்று சொல்வதற்கு முன் இந்த 60 நாள் விஷயத்தை அவள் காதில் போடுங்கள்.