ஒரே பெயரும் ஒரே கேள்வியும்

பலருள் ஒருவரைத் தெரிந்தெடுப்பதே தேர்தல். ஒருவரை மட்டும் நிறுத்தி, அவருக்கு 'ஆம்' சொல்லுமாறு மக்களை அழைப்பது தேர்தலாகுமா? 1956 இல் எகிப்தில் நாசர் ஒருவரே சனாதிபதி வேட்பாளர். நூற்றுக்கு 99க்கு மேற்பட்ட வாக்குகள் அவருக்கே! 1984 இல் பாகிஸ்தானில் ஜெனரல் சியா, சமயச் சீர்திருத்தம் பற்றி ஒரு கேள்வி கேட்டார்; 'ஆம்' என்றால் அவரே மேலும் ஐந்தாண்டு சனாதிபதி என்று பொருள்!

இலங்கையில் மக்கள் வாக்களித்த சனாதிபதித் தேர்தல் எதிலும் ஒருவர் மட்டும் நின்றதில்லை. ஆயினும், 1982 டிசம்பர் 22 அன்று அதற்கு நெருங்கியதொன்று நிகழ்ந்தது. 1977 இல் 168 இடங்களுள் 140 ஐப் பெற்றிருந்தது ஐக்கிய தேசியக் கட்சி. அடுத்த பொதுத் தேர்தல் விகிதாசார முறையில் நடந்தால் அப்பெரும்பான்மை நிலைக்காது. ஆகவே சனாதிபதி ஜே. ஆர். ஜயவர்த்தனா, அதே பாராளுமன்றம் மேலும் ஆறாண்டு நீடிக்கலாமா என்று சர்வசன வாக்கெடுப்பு நடத்தினார். 'ஆம்' என்பதற்கு விளக்கு. 'இல்லை' என்பதற்குப் பானை. நாட்டில் அவசரகாலச் சட்டம். எதிர்க்கட்சியினர் சிலர் சிறையில். விளக்கு 31,41,223 வாக்குகளும், பானை 26,05,983 வாக்குகளும் பெற்றன. நூற்றுக்கு 45 பேர் மறுத்தும், 1989 வரை பொதுத் தேர்தல் இல்லை.

ஊவாத் தோட்டங்களில் வாழும் நமக்கு இதிலுள்ள வேதனை இரட்டிப்பானது. 1947 இல் இலங்கை இந்தியர் காங்கிரஸ் ஏழு உறுப்பினரைப் பாராளுமன்றத்துக்கு அனுப்பியது, பதுளையிலிருந்து எஸ். எம். சுப்பையா சென்றார். 1948 இன் பிரசாவுரிமைச் சட்டமும் 1949 இன் தேர்தல் திருத்தச் சட்டமும் நம் முன்னோரின் வாக்குச் சீட்டைப் பறித்தன. 1964 இன் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் அவர்களை எண்ணிக்கையாக்கிப் பங்கிட்டது. அதனால் 1982 இல், ஒரே லயத்தில் ஒரு வீட்டாருக்கு வாக்குண்டு, அடுத்த வீட்டாருக்கு இல்லை. வாக்குள்ளவரிடமோ ஆளைத் தெரியுமாறு கேட்கவில்லை; தலையசைக்குமாறு கேட்டார்கள்.

2003 இன் சட்டத்தோடு நாடற்றோர் என்னும் பெயர் நீங்கியது. பெரியோர் பட்டபாடு வீணாகாதிருக்க இளைஞர் செய்யவேண்டியது யாது? ஆண்டுதோறும் வாக்காளர் இடாப்பில் பெயர் உண்டா என்று பார்க்கவேண்டும். லயத்திலுள்ள முதியோர் பெயரையும் பார்த்துக் கொடுக்கவேண்டும். நம் ஊர்ச் சங்கங்களிலும் 'ஏகமனதாகத் தெரிவு' என்று எழுதுமுன், வேறொருவர் பெயரை முன்மொழிய இடமளித்தோமா என்று நம்மையே கேட்போம். ஒருமனம் நல்லதே, மறுக்கும் உரிமை இருந்தும் மறுக்காதபோதுதான் அது ஒருமனம்.