ஃபிராங்க் டாஷ்லின்

ஃபிராங்க் டாஷ்லின் (1913–1972) அமெரிக்கக் கார்ட்டூன் ஓவியர், நூலாசிரியர், நகைச்சுவைப் பட இயக்குநர். நியூ ஜெர்சி மாநிலத்து வீஹாக்கனில் பிறந்தவர். கார்ட்டூனில் தொழில் கற்று, நடிகர்களை வைத்து எடுக்கும் முழுநீளப் படங்களிலும் நிலைத்து நின்றவர்கள் ஹாலிவுட்டில் மிகச் சிலர். அவர்களில் முதலில் சொல்ல வேண்டிய பெயர் இவருடையது.

இளவயதிலேயே நியூயார்க் கார்ட்டூன் கூடங்களில் வேலைக்குச் சேர்ந்தார். 1933இல் ஹாலிவுட் சென்று, வார்னர் பிரதர்ஸுக்குக் கார்ட்டூன் தயாரித்துவந்த லியோன் ஷ்லெசிங்கரிடம் அமர்ந்தார். கூடவே 'டிஷ் டாஷ்' என்ற புனைபெயரில் 'வான் போரிங்' என்னும் படக்கதைத் தொடரும் வரைந்தார். அதன் வருமானத்தில் முதலாளி பங்கு கேட்டார், டாஷ்லின் மறுத்தார், வேலை போயிற்று. அதே கூடம் 1936இல் அவரை இயக்குநராக அழைத்துக்கொண்டது. போர்க்கி பன்றி படங்களில் அவர் கையாண்ட விசித்திரக் கோணங்களும் மின்னல்வேகக் காட்சி மாற்றங்களும், கார்ட்டூன் வரையும்போதே அவர் மனத்தில் சினிமா ஓடிக்கொண்டிருந்ததைக் காட்டுகின்றன. இடையில் டிஸ்னியின் கதைப் பிரிவிலும் கொலம்பியாவின் ஸ்கிரீன் ஜெம்ஸிலும் இருந்தார். நீ கரடியே இல்லை என்று மனிதர்கள் சொல்லிச் சொல்லி, கடைசியில் தானும் அதை நம்பிவிடும் ஒரு கரடியின் கதையை 1946இல் நூலாக்கினார்.

பாப் ஹோப் நடித்த 'தி பேல்ஃபேஸ்' (1948) படத்தின் திரைக்கதையில் அவருக்குப் பங்குண்டு. படமாக்கிய விதம் அவருக்குப் பிடிக்கவில்லை. அதன் தொடர்ச்சியான 'சன் ஆஃப் பேல்ஃபேஸ்' (1952) படத்தைத் தாமே இயக்கினார். ஹோப்பும் டிரிக்கர் என்ற குதிரையும் ஒரே கட்டிலில் போர்வைக்குச் சண்டையிடும் காட்சி அதில்தான் வருகிறது.

கார்ட்டூனின் விதிகளை மனித உடலுக்கும் பொருத்தியதே டாஷ்லினின் சாதனை. 'தி கேர்ல் கான்ட் ஹெல்ப் இட்' (1956) படத்தில் ஜேன் மான்ஸ்ஃபீல்ட் தெருவில் நடக்க, பனிக்கட்டி உருகுகிறது, பால் பொங்கி வழிகிறது, ஒருவரின் மூக்குக்கண்ணாடி விரிசல் விடுகிறது. லிட்டில் ரிச்சர்ட், ஃபேட்ஸ் டாமினோ, எடி காக்ரன் ஆகியோர் பாடிய அப்படம் ராக் அண்ட் ரோல் இசைக்கும் நல்ல ஆவணம். அடுத்த ஆண்டு வந்த 'வில் சக்சஸ் ஸ்பாயில் ராக் ஹன்டர்?' விளம்பரத் தொழிலையும் தொலைக்காட்சியையும் நேரடியாகவே சாடியது. படத்தை நடுவில் நிறுத்தி, திரையைத் தொலைக்காட்சிப் பெட்டி அளவுக்குச் சுருக்கிக் காட்டும் துணிச்சல் அதில் உண்டு. அவருடைய படங்களில் தலைசிறந்தது இதுவே.

கோணங்கி முகமும் ரப்பர் உடலும் கொண்ட ஜெர்ரி லூயிஸ், டாஷ்லினுக்கு வாய்த்த உயிருள்ள கார்ட்டூன். 'ஆர்ட்டிஸ்ட்ஸ் அண்ட் மாடல்ஸ்' (1955) முதல் 'தி டிஸ்ஆர்டர்லி ஆர்டர்லி' (1964) வரை இருவரும் எட்டுப் படங்களில் இணைந்தனர். லூயிஸ் பின்னாளில் இயக்குநரானபோது இந்தப் பயிற்சி அவருக்குக் கைகொடுத்தது.

பிரான்சில் கோதார் போன்ற இளம் விமர்சகர்கள் 1950களிலேயே டாஷ்லினைக் கொண்டாடினர். சொந்த நாட்டில் அந்த மதிப்பு தாமதமாகவே வந்தது. கடைசிப் படம் 1968இல் வெளியானது. 1972 மே 5 அன்று காலமானார். 'ராக் ஹன்டர்' 2000ஆம் ஆண்டு அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்க்கப்பட்டது.