விடை சொல்லாத நகரசபை

கடை வைக்க லைசென்ஸ் வேண்டி நகரசபைக்கு விண்ணப்பம் செய்கிறோம். கொடுத்தால் தொழில் தொடங்கலாம். மறுத்தால் மேல்முறையீடு செய்யலாம். இரண்டுமின்றி மாதக்கணக்கில் மௌனம் சாதித்தால் என் செய்வது? வாடகை ஏறும், சரக்கு முடங்கும். அயல் மாநிலத்தில் தொழில் நடத்தும் நம்மவருக்குப் பரிந்து பேச ஊர்ப் பெரியவர்களும் அருகில் இரார். இம்மௌனத்தைக் கலைக்கும் பரிகாரத்துக்கு நீண்ட சரித்திரம் உண்டு.

அதன் பெயர் 'மாண்டமஸ்'. இந்த லத்தீன் சொல்லுக்குக் 'கட்டளையிடுகிறோம்' என்பது பொருள். 1615-இல் இங்கிலாந்தின் பிளிமத் நகரசபை தன் உறுப்பினர் ஒருவரை முறையின்றி நீக்கியபோது, மன்னர் நீதிமன்றம் அவரை மீண்டும் அமர்த்துமாறு ஆணையிட்டது. ஆகவே, தொடக்கத்திலேயே இவ்வாணை ஒரு நகரசபையை நோக்கித்தான் எழுந்தது.

நம் நாட்டில் 1774-இல் கல்கத்தாவில் அமைந்த சுப்ரீம் கோர்ட்டின் வழியே இவ்வதிகாரம் வந்தது; பின்னர் சென்னைக்கும் பம்பாய்க்கும் பரவிற்று. ஆனால் 1877-ஆம் ஆண்டின் குறித்தவகைப் பரிகாரச் சட்டம் இத்தகைய ஆணையை இம்மூன்று நகரங்களின் எல்லைக்குள் அடக்கிவிட்டது. மதுரை வணிகருக்கும் கான்பூர் வணிகருக்கும் இவ்வழி அடைபட்டே கிடந்தது.

1950 ஜனவரி 26 அந்தக் கதவைத் திறந்தது. எத்தொழிலையும் நடத்தும் உரிமையை, நியாயமான கட்டுப்பாடுகளுக்கு உட்பட்டு, குடிமக்கள் அனைவருக்கும் அரசியலமைப்பின் 19-ஆம் பிரிவு அளித்தது. 226-ஆம் பிரிவு எல்லா உயர் நீதிமன்றங்களுக்கும் ஆணையிடும் அதிகாரம் தந்தது.

அவ்வாண்டிலேயே உத்தரப் பிரதேசத்துக் கைரானா நகரசபையின் வழக்கு உச்ச நீதிமன்றத்துக்கு வந்தது. அந்நகரசபை மொத்தக் காய்கறி வியாபாரத்தை ஒருவருக்கே குத்தகையாகக் கொடுத்தது. ஏற்கெனவே அத்தொழிலை நடத்திவந்த மற்றொருவர் லைசென்ஸ் கேட்டபோது, அதை வழங்கத் தன் விதிகளில் இடமில்லை என்றது. அனுமதியின்றி வியாபாரம் செய்ததாக அவர்மீது வழக்கும் தொடுத்தது. சட்டப்படி அமைந்த விதிகளன்றி வேறெதனாலும் அவரைத் தடுக்கலாகாது என்றும், தொடுத்த வழக்கைத் திரும்பப் பெறவேண்டும் என்றும் நீதிமன்றம் பணித்தது. இது தாமதம் பற்றிய வழக்கன்று. எனினும் லைசென்ஸ் என்பது நகரசபையின் தயவன்று என்பதை நிலைநாட்டிற்று.

தாமத வழக்குகளில் நீதிமன்றம் சாதாரணமாக 'லைசென்ஸ் கொடு' என்று சொல்வதில்லை. 'இத்தனை நாட்களுக்குள் சட்டப்படி முடிவு செய்' என்றே சொல்லும். நகரசபையின் நாற்காலியில் நீதிமன்றம் அமர்வதில்லை. அந்நாற்காலியில் உறங்குபவரை எழுப்பும். முடிவு பாதகமாகவும் இருக்கலாம். ஆனால் காரணத்தோடு மறுத்தால் அதையும் எதிர்த்து வாதாட வழியுண்டு. மௌனத்தை எதிர்த்து வாதாடுவது எங்ஙனம்?

சில சட்டங்கள் வழக்குக்கே அவசியமின்றிச் செய்தன. குறித்த நாட்களுக்குள் உத்தரவு தெரிவிக்கப்படாவிடில், விண்ணப்பம் ஏற்கப்பட்டதாகவே கொள்ளப்படும் எனச் சென்னை மாவட்ட நகராட்சிகள் சட்டம் 1920-இல் விதித்தது. கேரளத்தின் 1994-ஆம் ஆண்டுச் சட்டங்களிலும் இத்தகைய ஏற்பாடு உண்டு. எல்லா மாநிலங்களிலும் இது ஒன்றுபோல் இல்லை. ஆகவே குடியேறிய ஊரின் சட்டத்தை விசாரித்தறிவது நலம்.

எவ்வூரிலாயினும் ஒன்று மட்டும் பொது. விண்ணப்பம் கொடுத்ததற்குத் தேதியும் முத்திரையும் இட்ட ரசீதைப் பெற்றுக்கொள்ள வேண்டும். விடை வராவிடில் எழுத்து மூலம் நினைவூட்ட வேண்டும். 'கேட்டீரா? எப்போது கேட்டீர்?' என்பதே நீதிமன்றத்தின் முதல் கேள்வி. அதற்கு விடை அந்த ரசீதில் இருக்கிறது.