புதியது பழமையாகும் விதம்: கூர்ட் சியோட்மாக்கின் திரைப்பணி

தொன்மை என்னுஞ் சொல்லுக்கு மனிதரை மயக்கும் ஆற்றல் உண்டு. ஒரு செய்தி மிகப் பழையது என்று கேட்ட மாத்திரத்தே, அதனை ஆராயாது தலைவணங்குவோர் பலர். ‘யார் சொன்னார்? எப்போது சொன்னார்?’ என்னும் இரு வினாக்களையும் விடாது கேட்பதே வரலாற்று மாணவனின் முதற் கடமை. இதனை விளக்குதற்குக் கல்வெட்டையோ செப்பேட்டையோ நாடவேண்டியதில்லை. சென்ற நூற்றாண்டில் அமெரிக்கப் படநிலையம் ஒன்றிலே சம்பளத்துக்கு எழுதிய ஓர் எழுத்தாளரின் வரலாறே போதும். அவர் பெயர் கூர்ட் சியோட்மாக்.

1902 இல் யூதக் குடும்பம் ஒன்றிற் பிறந்து, ஜேர்மனியில் வளர்ந்தவர் அவர். சூரிச் நகரிற் கணிதம் பயின்றார். எனினும் எழுத்திலேயே அவர் உள்ளம் சென்றது. 1930 இல் வெளிவந்த ‘ஞாயிற்றுக்கிழமை மாந்தர்’ என்னும் ஊமைப்படத்தில் அவருக்கும் பங்குண்டு. தொழில்முறை நடிகரல்லாதாரைக் கொண்டு பேர்லின் தெருக்களில் எடுக்கப்பட்ட அப்படத்தை நெறிப்படுத்திய இருவருள் ஒருவர் அவருடைய தமையனார் றொபேட் சியோட்மாக். திரைக்கதையில் உழைத்தவர் பிற்காலத்திற் பெரும் புகழ் பெற்ற பில்லி வைல்டர். அத்திலாந்திக் சமுத்திரத்தின் நடுவே விமானங்கள் தங்கிச் செல்வதற்கான மிதக்கும் மேடை ஒன்றைக் கற்பனை செய்து கூர்ட் எழுதிய நாவல், 1932 இல் ஜேர்மன், ஆங்கிலம், பிரெஞ்சு ஆகிய மூன்று மொழிகளிற் படமாக்கப்பட்டது.

அடுத்த ஆண்டே ஹிட்லர் ஆட்சிபீடமேறினார். யூதருக்கு அந்நாட்டில் இனி வாழ்வில்லை என்று கண்ட கூர்ட், 1933 இல் ஜேர்மனியை விட்டு நீங்கினார். இங்கிலாந்திற் சில காலம் எழுதியபின் 1937 இல் அமெரிக்கா சேர்ந்தார். முப்பத்தைந்து வயதில், தாய்மொழியல்லாத மொழியொன்றில் எழுதிப் பிழைக்கவேண்டிய நிலை அவருடையது.

அக்காலத்து ஹொலிவூட் நிலையங்கள் பெருந் தொழிற்சாலைகளை ஒத்தன. நடிகர், நெறியாளர், எழுத்தாளர் யாவரும் சம்பளக்காரரே. 1931 இல் ‘டிராகுலா’, ‘பிராங்கென்ஸ்ரைன்’ ஆகிய படங்களாற் பெரும் பொருளீட்டிய யூனிவேர்சல் நிலையம், திகிற்படங்களை அடுத்தடுத்து வெளியிட்டு வந்தது. அங்கே கதை பிறந்து அதன்பின் தலைப்பு அமைவதில்லை, தலைப்பு முந்திக்கொள்ளும். ‘ஓநாய் மனிதன்’ என்னும் படத்துக்கும் தலைப்பு, நடிகர் பெயர்கள், செலவுத் தொகை ஆகியன தமக்கு முன்னரே குறித்துத் தரப்பட்டன என்று சியோட்மாக் பின்னாளிற் கூறினார். எஞ்சிய கதையை அவர் எழுதவேண்டும், அவ்வளவே.

அவர் முதலில் எழுதிய வடிவில், நாயகன் தொழில் நிமித்தம் வேற்றூருக்கு வந்த அமெரிக்கன். அவன் மெய்யாகவே ஓநாயாக மாறுகின்றானா, மனமயக்கத்தால் அவ்வாறு எண்ணுகின்றானா என்பது ஐயமாகவே விடப்பட்டிருந்தது. நிலையத்தார் அதனை மாற்றினர். ஜோர்ஜ் வாக்னர் நெறிப்படுத்தி 1941 டிசெம்பரில் வெளிவந்த படத்தில், நாயகன் லறி டல்பட் தந்தையின் மாளிகைக்குத் திரும்பும் மகன். காட்டில் ஒரு பெண்ணைக் காப்பாற்ற முனைந்த வேளையில் ஓநாய் ஒன்றாற் கடிபடுகிறான். அதன்பின் தன் விருப்பமின்றியே ஓநாயாக மாறிக் கொலை செய்கிறான். அடுத்துப் பலியாவோரின் உள்ளங்கையில் ஐந்து முனை நட்சத்திரம் ஒன்று அவன் கண்ணுக்குத் தெரியும். இறுதியில், இன்னாரென்று அறியாத தந்தையே வெள்ளிப்பிடியுள்ள கைத்தடியால் அவனை அடித்துக் கொல்கிறார்.

இப்படத்தில் ஒரு நாலடிப் பாட்டு வருகின்றது. தூய நெஞ்சினனும் வழிபாடு தவறாதவனுங்கூட, வச்சநாவியினத்துச் செடி பூக்கும் இலையுதிர் காலத்து நிலவில் ஓநாயாகலாம் என்பது அதன் கருத்து. ஊரவர் ஒருவர் பின் ஒருவராக அதனை, பாட்டி சொல்லக் கேட்டதுபோல, இயல்பாக ஒப்புவிக்கின்றனர். பார்ப்போரும் அதனை ஐரோப்பிய நாட்டார் பாடலென்றே நம்பினர். அவ்வாறே எழுதியோரும் உளர். உண்மையில் அதனை இயற்றியவர் சியோட்மாக். இயற்றிய ஆண்டு 1941. தொன்மைக்குச் சான்றெனக் கொள்ளப்பட்டது கதைமாந்தரின் குரலேயன்றி வேறில்லை.

இனி, மெய்யான பழைய மரபு யாது? மனிதன் ஓநாயாகும் கதை மிகப் பழையதே. நிலவொளியில் ஒரு போர்வீரன் ஓநாயாவதை முதலாம் நூற்றாண்டு உரோம எழுத்தாளர் பெத்ரோனியஸ் கூறியுள்ளார். 1589 இல் கொலோன் நகருக்கு அண்மையிலுள்ள பெட்பேர்க்கிற் கொல்லப்பட்ட பீற்றர் ஸ்ரும்ப் என்பவன்மீது, சாத்தான் தந்த கச்சையை அணிந்து ஓநாயானான் என்ற குற்றம் சுமத்தப்பட்டது. இத்தகைய வழக்குகளில் ஓநாயாவோன் தீமையை விரும்பி ஏற்றவனாகவே கருதப்பட்டான். முழுமதியும் கடியால் தொற்றும் சாபமும் 1935 இல் இதே நிலையம் வெளியிட்ட மற்றொரு படத்திலேயே உள்ளன. சியோட்மாக்கின் பாட்டிலோ முதலில் முழுமதி இல்லை. 1943 இல் வந்த தொடர்படத்திலேயே அச்சொல் மாற்றிப் புகுத்தப்பட்டது. ஆகவே அனைத்தையும் அவரே படைத்தார் எனல் மிகை. சிதறிக் கிடந்தவற்றை ஒன்றுசேர்த்து, குற்றமற்றவன்மீது வந்து விழும் ஊழாக அதனை மாற்றியமைத்ததே அவர் செயல்.

அம்மாற்றம் எங்கிருந்து வந்தது? ஜேர்மனியில் யூதனாயிருத்தல் தாம் வேண்டாத விதியாகத் தம்மீது சுமத்தப்பட்டதென்றும், அவ்வகையில் ஓநாய் மனிதன் தாமே என்றும் அவர் முதுமையிற் சொன்னதுண்டு. படம் வெளிவந்த அதே 1941 இல், செப்டெம்பர் மாதத்தில், ஜேர்மன் யூதர் ஆறு முனை மஞ்சள் நட்சத்திரத்தை ஆடையில் அணியவேண்டுமென்ற கட்டளை பிறந்தது. படத்து நட்சத்திரம் அதனைக் கருதியதென்று நிறுவச் சான்று வேண்டும். ஒப்புமை ஒன்றே சான்றாகாது. ஆனால் தான் செய்யாத தவற்றுக்காகக் குறியிடப்பட்டு வேட்டையாடப்படுவோனின் துயரை எழுதியவர் அதனை நூலிற் படித்தறிந்தவரல்லர் என்பது தெளிவு.

நிலையமோ அத்துயரையும் சரக்காக்கியது. ‘பிராங்கென்ஸ்ரைன் ஓநாய் மனிதனைச் சந்திக்கிறான்’ என்பது தாம் உணவு வேளையில் விளையாட்டாகச் சொன்ன தலைப்பென்றும், அதனையே எழுதும்படி தமக்குப் பணி தரப்பட்டதென்றும் அவரே கூறுவார். இவ்வேலைகளினிடையே எழுதிய ‘டொனவனின் மூளை’ என்னும் நாவலில், உடல் அழிந்தபின் உயிரோடு காக்கப்பட்ட செல்வனொருவனின் மூளை, தன்னைக் காத்த விஞ்ஞானியையே அடிமை கொள்கிறது. 1944, 1953, 1962 ஆகிய ஆண்டுகளில் அது மும்முறை படமாயிற்று.

1998 இற் பேர்லின் திரைப்பட விழா சியோட்மாக் சகோதரரின் படங்களைத் தொகுத்துத் திரையிட்டது. துரத்திய நகரமே அழைத்துக் கௌரவித்தது. 2000 செப்டெம்பரில் கலிபோர்னியாவிற் கூர்ட் காலமானார். அவர் பெயரை அறியாத கோடிக்கணக்கானோர் அவர் புனைந்த விதிகளைப் பழங்கதையென்றே இன்றும் நம்புகின்றனர்.

எழுத்தாளனுக்கு இது பெரும் வெற்றி. வரலாற்றாசிரியனுக்கோ ஓர் எச்சரிக்கை. அச்சும் படச்சுருளும் நாளிதழும் மலிந்த ஒரு நூற்றாண்டிலே, படைத்தவர் உயிரோடிருக்கும்போதே, ஒரு புதுப்பாட்டு பழம்பாட்டாயிற்று. அவ்வாறாயின், ஏடு எழுதினோரும் பெயர்த்தெழுதினோரும் பெயரின்றி மறைந்த காலத்துச் செய்திகளை எத்துணை நிதானத்துடன் நாம் அணுகவேண்டும்! மரபை இகழவேண்டுமென்பது எம் கருத்தன்று. அதன் வயதை அறிந்து போற்றுவதே அதற்குச் செய்யும் மரியாதை. அதனைப் படைத்த மனிதனுக்குச் செய்யும் நீதியும் அதுவே.