கல்லூரி இடம் யார் கையில்? தாம்பரம் வழித்தடத்தின் உயர்கல்வி வரலாறு

சென்னைக் கடற்கரையிலிருந்து தாம்பரம் வரையிலான மின்ரயில் 1931இல் ஓடத் தொடங்கிய பின், ஏரிகளும் வயல்களும் புதர்க்காடுகளுமாகக் கிடந்த தென்புறக் கிராமங்கள் மெல்லப் புறநகர்களாயின. அவற்றோடு கல்லூரிகளும் வந்தன. அரசு உதவிபெறும் கல்லூரி, அரசுப் பல்கலைக்கழகத்தின் வளாகம், சுயநிதிப் பொறியியல் கல்லூரி, நிகர்நிலைப் பல்கலைக்கழகம் எனத் தமிழ்நாட்டு உயர்கல்வியின் எல்லா வகைகளும் மீனம்பாக்கத்துக்கும் காட்டாங்குளத்தூருக்கும் இடையில், ரயில் பாதைக்கும் கிராண்ட் சதர்ன் டிரங்க் (ஜி.எஸ்.டி.) சாலைக்கும் எட்டும் தொலைவிலேயே அமைந்துவிட்டன. உயர்கல்வியில் நீதி என்பது இம்மாநிலத்தில் பெரும்பாலும் இடஒதுக்கீட்டின் வரலாறாகவே எழுதப்படுகிறது, அது சரியானதே. ஆனால், ஒதுக்கப்பட வேண்டிய இடம் முதலில் யார் கையில் இருக்கிறது என்ற கேள்வியையும் சேர்த்துப் பார்த்தாலன்றி அந்த வரலாறு முழுமையடையாது என்பதை இந்த வழித்தடம் காட்டுகிறது.

தாம்பரத்தின் மூத்த கல்லூரியான சென்னைக் கிறித்தவக் கல்லூரி, ஸ்காட்லாந்து மதகுருவான ஜான் ஆண்டர்சன் 1837இல் நகரில் தொடங்கிய பள்ளியிலிருந்து வளர்ந்தது. அடுத்த ஆண்டே, பறையர் சமூகச் சிறுவர் சிலர் அங்கே சேர்க்கப்பட்டதை எதிர்த்து, அவர்களை நீக்கினாலொழியத் தங்கள் பிள்ளைகளை அனுப்ப முடியாது என்று பிற சாதியினர் நெருக்கினர். ஆண்டர்சன் இணங்க மறுத்தார். மாணவர் பலர் விலகிச் சென்றனர். மதமாற்ற நோக்கம் அப்பள்ளிக்கு இருந்தது என்பது உண்மைதான் என்றாலும், மாணவர்களை இழந்தாலும் வகுப்பறையைப் பிரிக்கமாட்டேன் என்று ஒரு நிறுவனம் நின்றதன் எடையை அது குறைத்துவிடாது. பள்ளியின் கதவைத் திறப்பதும் மூடுவதும் அன்று முழுக்க நிர்வாகத்தின் மனத்தைப் பொறுத்ததாக இருந்தது. கேட்டுப் பெறும் உரிமையாக அது இருக்கவில்லை.

ஜார்ஜ் டவுனின் நெரிசலில் இடம் போதாமல், சேலையூர்க் காட்டில் பெற்ற நிலத்துக்குக் கல்லூரி குடிபெயர்ந்து, 1937 ஜனவரி 30 அன்று ஆளுநர் எர்ஸ்கின் புதிய வளாகத்தைத் திறந்து வைத்தார். 1939 முதல் பெண்களும் சேர்க்கப்பட்டனர். விடுதியில் தங்கிப் படிப்பதையே அடிப்படையாகக் கொண்டு அது திட்டமிடப்பட்டிருந்தாலும், தங்க வசதியற்ற பிள்ளைகளுக்கு மாணவர்களுக்கான சலுகை விலை சீசன் டிக்கெட்டே விடுதிக்கு மாற்றாயிற்று. மீனம்பாக்கத்தில் 1952இல் ஏ.எம். ஜெயின் கல்லூரியும், குரோம்பேட்டையில் 1968இல் பெண்களுக்கான வைணவக் கல்லூரியும் தோன்றியபோது, நகரத்துக்குப் போக முடியாத குடும்பங்களுக்குப் பட்டப்படிப்பு எட்டும் தூரத்துக்கு வந்தது. ஆசிரியர் சம்பளத்தை அரசு ஏற்பதால் கட்டணம் தாழ்ந்திருக்கும் ‘உதவிபெறும்’ முறையின் பயன் இதுவே. கட்டிடம் தனியாருடையது, இடமோ பெருமளவில் பொதுமக்களுடையது.

இடத்தை உரிமையாக்கும் முயற்சி அரசியலிலிருந்து வந்தது. நீதிக்கட்சி ஆட்சி 1921இல் வெளியிட்ட வகுப்புவாரி அரசாணை வேலைவாய்ப்பைக் குறித்தது. அந்தக் கொள்கை பின்னர் கல்லூரிச் சேர்க்கைக்கும் விரிந்தது. 1940களின் இறுதியில், அரசு மருத்துவ, பொறியியல் கல்லூரிகளின் ஒவ்வொரு 14 இடங்களும் பிராமணரல்லாத இந்துக்களுக்கு 6, பிற்படுத்தப்பட்ட இந்துக்களுக்கு 2, பிராமணருக்கு 2, அரிஜனங்களுக்கு 2, ஆங்கிலோ இந்தியருக்கும் இந்தியக் கிறித்தவருக்கும் சேர்த்து 1, முஸ்லிம்களுக்கு 1 என்று பகிரப்பட்டன. சண்பகம் துரைராஜன் வழக்கில் உச்சநீதிமன்றம் 1951 ஏப்ரலில் அதைச் செல்லாததாக்கியது. தமிழகத்தில் எழுந்த கிளர்ச்சியின் விளைவாக, அதே ஆண்டு ஜூனில் முதல் திருத்தம் அரசமைப்பில் 15(4) என்ற பிரிவைச் சேர்த்து, பின்தங்கிய வகுப்பாருக்குச் சிறப்பு ஏற்பாடு செய்யும் அதிகாரத்தை அரசுக்கு அளித்தது. அந்தப் பங்கீடு செல்லுபடியான இடங்கள் அரசின் கையில் இருந்த இடங்களே என்பதை இங்கே கருத்தில் கொள்ள வேண்டும்.

குரோம்பேட்டையில் சி. ராஜம் 1949இல் நிறுவிய மெட்ராஸ் இன்ஸ்டிடியூட் ஆஃப் டெக்னாலஜி (எம்.ஐ.டி.) தனியார் கொடையால் எழுந்தது. பி.எஸ்சி. முடித்தவர்களை எடுத்துக்கொண்டு மூன்று ஆண்டுகள் விமானவியல், மின்னணுவியல் போன்ற துறைகளைக் கற்பித்த அந்த நிறுவனத்தில் சேர்ந்த ஏ.பி.ஜே. அப்துல் கலாமின் கட்டணத்துக்காக அவருடைய அக்கா சோகரா தம் தங்க வளையல்களையும் சங்கிலியையும் அடகு வைத்தார். இது ஒரு குடும்பத்தின் தியாகமாகவே பெரிதும் பேசப்படுகிறது. அடகு வைக்க நகையில்லாத வீடுகளிலிருந்து யாரெல்லாம் அந்த வாசலுக்கே வராமல் போயிருப்பர் என்பதையும் வரலாறு கேட்க வேண்டும். 1978இல் அண்ணா பல்கலைக்கழகம் உருவானபோது எம்.ஐ.டி. அதன் அங்கமாயிற்று, ஒரு கொடையாளரின் நிறுவனம் அரசுப் பல்கலைக்கழகத்தின் கட்டணத்துக்கும் ஒதுக்கீட்டு விதிகளுக்கும் உட்பட்டது. இந்த வழித்தடத்தில் தனியாரிடமிருந்து பொதுவுக்கு நகர்ந்த பெரிய எடுத்துக்காட்டு அதுவே.

அதற்கு ஆறு ஆண்டுகளுக்குப் பின் போக்கு எதிர்த்திசையில் திரும்பியது. அரசு மானியமின்றி மாணவர் கட்டணத்தாலேயே நடக்கும் சுயநிதிப் பொறியியல் கல்லூரிகளுக்கு எம்.ஜி.ஆர். அரசு 1984இல் அனுமதி அளித்தது. தொழிற்படிப்புகளுக்கான பொது நுழைவுத்தேர்வும் அதே ஆண்டில் அறிமுகமாயிற்று. சேலையூரில் பாரத், வண்டலூரில் கிரசென்ட், காட்டாங்குளத்தூரில் எஸ்.ஆர்.எம். என ஓரிரு ஆண்டுகளுக்குள் கல்லூரிகள் எழுந்தன. நகரத்தைவிட மலிவான நிலமும், சாலையும் ரயிலும் சேர்ந்த போக்குவரத்தும் அவற்றை இங்கே ஈர்த்தன. இடங்கள் பெருகின என்பதை மறுக்க இயலாது. அவற்றால் பொறியாளரான முதல் தலைமுறைப் பிள்ளைகள் ஏராளம். ஆயினும் முன்பு சாதி மறித்த வாசலை இப்போது கட்டணமும், தனிப்பயிற்சிக்கு வழியற்றவர்களை வடிகட்டிய தேர்வும் மறித்தன.

உச்சநீதிமன்றம் 1993இல் உன்னிகிருஷ்ணன் வழக்கில் தனியார் தொழிற்கல்லூரி இடங்களை இலவச இடம், கட்டண இடம் எனச் சரிபாதியாகப் பிரித்தது, 2002இல் டி.எம்.ஏ. பை வழக்கில் அத்திட்டத்தைக் கைவிட்டது. 2005இல் இனாம்தார் வழக்கில், உதவிபெறாத கல்லூரிகள்மீது அரசு தன் ஒதுக்கீட்டைத் திணிக்க முடியாது என்றது. நாடாளுமன்றம் 93ஆம் திருத்தத்தின்வழி 15(5) பிரிவைச் சேர்த்து, சிறுபான்மை நிறுவனங்கள் நீங்கலான தனியார் கல்லூரிகளுக்கும் ஒதுக்கீட்டை நீட்டிக்க வழிசெய்தது. தமிழ்நாடு நுழைவுத்தேர்வை 2007இல் சட்டத்தால் நீக்கி, பிளஸ் டூ மதிப்பெண்ணையே அளவுகோலாக்கியது. எல்லாக் கல்லூரிகளின் இடங்களையும் ஒரே வரிசையில் வைத்து நிரப்பும் ஒற்றைச் சாளரக் கலந்தாய்வு 1997 முதல் நடந்து வந்தது. சிறுபான்மையல்லாத சுயநிதிக் கல்லூரிகள் 65 விழுக்காட்டு இடங்களையும், சிறுபான்மைக் கல்லூரிகள் 50 விழுக்காட்டையும் அதற்கு ஒப்படைத்தன. மதிப்பெண்ணும் சாதிவாரி ஒதுக்கீடும் அங்கே வெளிப்படையாக இயங்கியதால், எந்தச் சிற்றூர் மாணவரும் தமக்கு எது கிடைக்கும் என்பதைக் கணக்கிட முடிந்தது. தமிழ்நாட்டுக் கல்வி நிர்வாகத்தின் சிறந்த சாதனைகளில் ஒன்றாக அதைக் கொள்வது மிகையன்று.

அந்த வரிசையிலிருந்து விலகும் வழி 1956ஆம் ஆண்டின் பல்கலைக்கழக மானியக்குழுச் சட்டத்தில் இருந்தது. அதன் 3ஆம் பிரிவின்படி ஒரு கல்லூரியைப் பல்கலைக்கழகத்துக்கு நிகராக மைய அரசு அறிவிக்கலாம். உயர் ஆய்வில் தனித்திறம் காட்டும் நிறுவனங்களுக்காக வகுக்கப்பட்ட அந்தத் தகுதி, எஸ்.ஆர்.எம்., பாரத், கிரசென்ட் ஆகிய மூன்றுக்கும் 2000த்துக்குப் பின் ஒவ்வொன்றாகக் கிடைத்தது. நிகர்நிலையானதும் சேர்க்கை அவற்றின் சொந்தத் தேர்வுக்கும் விதிகளுக்கும் உரியதாயிற்று. மாநிலக் கலந்தாய்வில் அவற்றின் இடங்கள் சேர்வதில்லை. ஒதுக்கீட்டுச் சட்டத்தில் ஓர் எழுத்தும் மாறாமலேயே, அது செல்லுபடியாகும் இடங்கள் குறைந்தன.

அரசுப் பள்ளிகளில் ஆறாம் வகுப்பு முதல் பிளஸ் டூ வரை படித்தோருக்கு மருத்துவத்தில் 2020இலும், பொறியியல் உள்ளிட்ட தொழிற்படிப்புகளில் 2021இலும் 7.5 விழுக்காடு தனியே ஒதுக்கப்பட்டது. அவ்வாறு சேர்வோரின் கல்வி, விடுதிக் கட்டணங்களை அரசே ஏற்கிறது. நீதியைப் பள்ளியின் வகையோடும் பணத்தோடும் சேர்த்துக் கணக்கிட்ட இந்த ஏற்பாடு, கலாமின் அக்கா அடகு வைத்த நகைக்கு அரசு தரும் காலங்கடந்த விடை எனலாம். அதுவும் கலந்தாய்வுக்கு வரும் இடங்களிலேயே நடைமுறையாகிறது. ஆகவே சேலையூரின் அரசுப் பள்ளியில் படித்த ஒரு மாணவி குரோம்பேட்டை எம்.ஐ.டி.யிலோ கிண்டிப் பொறியியல் கல்லூரியிலோ கட்டணமின்றி இடம் பெறலாம். தன் ஊரிலேயே உள்ள நிகர்நிலைப் பல்கலைக்கழகத்தில் அந்த உரிமையைக் கோர அவளுக்கு வழியில்லை.